சமைச்சதும் சமைஞ்சதும்

15-6-1996, சனி. செய்முறையில் ஒரு வரியை விட்டுவிட்டேன். ‘பால் நன்றாக ஆறிய பிறகு முட்டையைச் சேர்க்கவும்’ என்று எழுதியிருக்க வேண்டும். எழுதவில்லை. நந்திதா நான் எழுதியதை எழுதியபடியே செய்தாள். கொதிக்கிற பாலில் முட்டையை ஊற்றினாள். திரிந்துவிட்டது. எட்டுத் துண்டு ரொட்டியும் பத்து பிஸ்கட்டும் வீண். தவறு அவளுடையது அல்ல. நாளை காலை மறுபடியும்.

ஞாயிற்றுக்கிழமை காலை, தன் நோட்டில் எழுதியிருந்த இதைத் திரும்பப் படித்தபோது புவனாவுக்குத் தன் மேலேயே சலிப்பாக இருந்தது. வகுப்பில் மற்றவர்களெல்லாம் கேக்கில் ரோஜாப்பூ வைக்கிறார்கள். இவளுக்குப் பாலை ஆறவைக்க எழுத வரவில்லை.

பகலில் பம்ப்செட் கம்பெனியில் டைப் அடித்துவிட்டு மாலையில் காந்திபுரத்தில் பேக்கரி வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்தாள். அந்த வகுப்பின் சபுரா டீச்சர் ஒரு வினோதமான கடைசிப் பரீட்சை வைத்திருந்தார். மாணவி தானே ஒரு பலகாரத்தை யோசித்து, செய்முறையை எழுத வேண்டும். செய்வது அவள் இல்லை. சமைக்கத் தெரியாத ஒருவரைக் கூட்டி வந்து, அந்தத் தாளை மட்டும் கையில் கொடுத்து, டீச்சர் முன்னால் செய்ய விட வேண்டும்.

புவனா யோசித்தது சாக்லேட் கிரீம் பிஸ்கட் போட்ட பிரெட் புட்டிங். சமைக்கத் தெரியாத ஆளுக்கு அவள் வெளியே அலைய வேண்டியிருக்கவில்லை. தங்கை நந்திதா, பன்னிரண்டு வயது, வெந்நீர் வைக்கச் சொன்னாலே பாத்திரத்தைக் கருக்கி வைப்பவள், வீட்டிலேயே இருந்தாள். பரீட்சை திங்கட்கிழமை மாலை.

“அக்கா, பிஸ்கட் பத்துன்னு போட்டிருக்குது. பாக்கெட்டுல பதினொண்ணு இருக்குதே?”

“பத்தே போடு.”

“அப்ப இந்த ஒண்ணு?”

“அதப் பத்தி எழுதல.”

“எழுதாததெல்லாம் எனக்கு” என்று நந்திதா பதினொன்றாவது பிஸ்கட்டை இரண்டாகப் பிரித்து, நடுவில் இருந்த கிரீமை முன்பல்லால் சுரண்டினாள்.

புவனா கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றாள். தொட்டால் பரீட்சை செல்லாது. பழகும்போதே தொடாமல் பழக வேண்டும் என்பது அவள் தனக்குத் தானே போட்டுக்கொண்ட விதி. ரொட்டியை நெய் தடவிய கிண்ணத்தில் அடுக்கி, ஆறிய பாலில் முட்டையும் சர்க்கரையும் அடித்து ஊற்றி, பிஸ்கட்டை நான்காக உடைத்து மேலே செருகி, பெரிய குக்கரில் மணல் பரப்பி, ரப்பரும் வெயிட்டும் போடாமல் மூடி, நாற்பது நிமிடம். நந்திதா ஒவ்வொரு வரியையும் பாடம் ஒப்பிப்பதுபோல உரக்கப் படித்துவிட்டே செய்தாள்.

“இந்தப் புட்டு எப்பத்தான் வேகும்?” என்று அம்மா சுப்பாத்தாள் மூன்றாவது முறையாக எட்டிப் பார்த்தாள்.

“புட்டு இல்லீங்கம்மா, புட்டிங்.”

“அந்த இங்கு எனக்கு வாயில நொழையாது. புட்டுன்னா புட்டுத்தான்.”

மூடியைத் திறந்ததும் புவனா எட்டிப் பார்த்தாள். திரியவில்லை. ரொட்டி உப்பி, பால் கட்டித் தயிராக உறைந்து, பிஸ்கட் துண்டுகள் ஓரம் இளகிக் கருஞ்சிவப்பாக இறங்கியிருந்தன. கத்தியை நடுவில் செருகி எடுத்தால் ஒட்டவே இல்லை. நந்திதா இரண்டு கைகளையும் தூக்கிக்கொண்டு சமையலறையை ஒரு சுற்றுச் சுற்றினாள்.

அம்மா ஒரு விள்ளல் வாயில் போட்டாள். முகம் மலர்ந்தது. அந்த மலர்ச்சியோடே வாசலுக்குப் போனவள், தெருவில் மொபெட்டில் கிளம்பிக்கொண்டிருந்த திருமலைசாமியைக் கை தட்டி நிறுத்தினாள். அடுத்த தெருக்காரர், மதுக்கரையில் சிமெண்ட் ஆலையில் வேலை.

“ஏனுங்க, மதுக்கரைக்குத்தானுங்களே போறீங்க? எங்க நந்திதா சமைச்சுப்போட்டாளுங்க! புட்டு!”

வண்டி படபடத்தது. அவர் காதோரம் கை குவித்தார். “ஆருங்க?”

“சின்னவ, நந்திதா!”

“அப்பிடீங்ளா! நல்லதுங்க, நல்லதுங்க!”

அம்மா ஓரடி முன்னால் போனாள். குரல் சற்றுத் தணிந்தது. “அங்க என்ற தம்பியக் கண்டீங்கன்னா, அவங் காதுலயும் ஒரு வார்த்தை போட்டு வைங்க.”

ஜன்னலருகே நின்ற புவனாவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. அம்மா தன் தம்பி நஞ்சப்பனைப் பற்றி வாயெடுத்து நான்கு வருடமாகிறது.

நான்கு வருடத்துக்கு முன் அண்ணன் கிருபாசங்கரின் கல்யாணம். அச்சாகி வந்த பத்திரிகையில் பெரியப்பாக்கள், சித்தப்பாக்கள், மாப்பிள்ளைகள் என்று அத்தனை பேரும் இருந்தார்கள். தாய்மாமன் பெயர் மட்டும் இல்லை. அச்சாபீசில் விட்டுவிட்டார்கள் என்று அம்மா ஆள் மேல் ஆள் அனுப்பிப் பார்த்தாள். மாமா கல்யாணத்துக்கு வரவில்லை. மாமன் செய்ய வேண்டிய முறையை ஒன்றுவிட்ட யாரோ நின்று செய்தார்கள். அதிலிருந்து உக்கடம் பஸ் நிலையத்தில் மதுக்கரை என்று போர்டு போட்ட பஸ்ஸைக் கண்டால் அம்மா முகத்தைத் திருப்பிக்கொள்வாள். திருப்பிய பிறகு முந்தானையால் கண்ணைத் துடைப்பாள்.

“என்ன அப்பிடிப் பாக்கற?” என்றாள் அம்மா, உள்ளே வந்து. “புள்ளை மொதமொத அடுப்பு பத்த வெச்சிருக்கறா. மாமனுக்குத் தெரிய வேண்டாமா?”

வாசலில் டெம்போ வந்து நின்றபோது மணி பதினொன்றரை. அப்பா வீட்டில் இல்லை, பவானிக்கு ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார்.

பின்னால் பச்சைத் தென்னை ஓலைகள் தரையைக் கூட்டிக்கொண்டு தொங்கின. ஒரு வாழைத்தார், ஒரு கூடை முட்டை, நல்லெண்ணெய் டின். முன்னாலிருந்து நஞ்சப்ப மாமாவும் பாவாத்தாள் அத்தையும் இறங்கினார்கள். அத்தையின் ஒரு கையில் மூடிப் பாத்திரமான தூக்குப்போசி, மறு கையில் பட்டுப்பாவாடையும் வளையலும் வைத்த தாம்பாளம்.

கொடியில் துணி போட்டுக்கொண்டிருந்த அம்மா, ஏற்கெனவே பிழிந்த துண்டை மறுபடியும் பிழிய ஆரம்பித்தாள். “வா தம்பி” என்று சொன்னது அவளுக்கே கேட்டிருக்காது.

மாமா அவள் முகத்தைப் பார்க்கவில்லை. கொய்யா மரத்தைப் பார்த்துக் கேட்டார். “ஏனுங்க, ஓலையக் கொல்லைப்பக்கம் எறக்கலாமுங்ளா?”

கூடப் பிறந்த அக்காவுக்கு ‘ஏனுங்க’. முன்பின் தெரியாதவர்களிடம் வழி கேட்பதுபோல. ஆனாலும் வந்துவிட்டார், அம்மாவுக்கு அது போதுமாக இருந்தது. “எறக்குங்க, எறக்குங்க” என்று ஓடிப்போய்க் கொல்லைக் கதவைத் திறந்தாள்.

அத்தை உள்ளே வந்து அம்மாவிடம் கேட்டாள். “எங்க நங்கை, புள்ளைய எங்க ஒக்கார வெச்சிருக்கறீங்க?”

பதில் சொல்வதுபோல, வாயோரம் பிஸ்கட் துகளோடு நந்திதா சமையலறையிலிருந்து வெளியே வந்தாள்.

“அய்யோ! அடுப்படிக்குள்ளயா உட்டு வெச்சிருக்கறீங்க?”

“நாந்தானுங்க அத்தை சமைச்சேன்” என்றாள் நந்திதா பெருமையாக.

“அதுக்குத்தாங் கண்ணு வந்திருக்கறோம்.”

“இதுக்காகவா? டெம்போ வெச்சுட்டா?”

“பின்ன? தாய்மாமன் வராம ஆரு வருவா?”

“ஒரு துண்டு திங்கறதுக்கா?”

புவனாவின் பார்வை தாம்பாளத்திலிருந்த பட்டுக்குப் போனது. அதிலிருந்து கொல்லையில் மாமா சரசரவென்று கிழித்துக்கொண்டிருந்த பச்சை ஓலைக்குப் போனது.

பெண் பெரியவளானால் தாய்மாமன்தான் பச்சை ஓலை வெட்டி வந்து குடிசை கட்ட வேண்டும். அவர் வீட்டிலிருந்து புட்டு வர வேண்டும். பெரியவளானதை ‘சமைஞ்சுட்டா’ என்றுதான் சொல்வார்கள். அம்மா சொன்னது ‘சமைச்சுப்போட்டா’. ‘ச்சு’வுக்கும் ‘ஞ்சு’வுக்கும் நடுவில் ஒரு மொபெட் எஞ்சின் புகுந்துவிட்டது. மிச்சத்துக்கு ‘இங்கு’ இல்லாத அந்தப் புட்டு போதும்.

அம்மாவுக்கும் அதே நொடியில் விளங்கிவிட்டது. புவனாவின் மணிக்கட்டைப் பிடித்துச் சமையலறைக்குள் இழுத்தாள்.

“சொல்லிப்போடாத கண்ணு. கட்டட்டும். நாலு வருசங் கழிச்சு வந்திருக்கறான். இல்லைன்னு தெரிஞ்சுதுன்னா இனி இந்த வாசப்படிய மிதிக்கவே மாட்டான்.”

“அப்ப நந்திதாவ என்ன பண்றதுங்கம்மா?”

“ரெண்டு நாள் ஓலைக்குள்ள ஒக்காரட்டும். பள்ளிக்கூடம் லீவுன்னா வேண்டாங்கறவளா அவ?”

பின்னாலேயே வந்திருந்த நந்திதா இதைக் கேட்டுவிட்டாள். காது மடல் வரை சிவந்து, கணபதி பஸ் ஸ்டாப்புக்கே கேட்கிற மாதிரிக் கத்தினாள்:

“நான் சமைச்சுத்தான் போட்டேன்! சமைஞ்செல்லாம் போகல!”

கொல்லையில் ஓலை கிழிகிற சத்தம் நின்றது.

புவனா வெளியே வந்தபோது மாமா கையில் பாதி கிழித்த ஓலையோடு நின்றுகொண்டிருந்தார்.

“திருமலைசாமி வந்து சொன்னானே?”

“வண்டிச் சத்தத்துல தப்பாக் கேட்டுட்டாருங்க மாமா. நந்திதா புட்டிங்னு ஒண்ணு செஞ்சா. அம்மா அதத்தான் சொல்லியனுப்பிச்சாங்க.”

மாமா ஓலையைக் கீழே வைத்தார். எறியவில்லை, வைத்தார். அதுதான் புவனாவுக்குப் பயமாக இருந்தது.

“நல்லா இருக்குதுங்க. கல்யாணத்துல பேர உட்டீங்க. இன்னைக்கு, வர்ற வழியெல்லாம் மருமக பெரியவளாயிட்டான்னு சொல்லிட்டே வந்தேன். சிரிக்கறதுக்கு ஆள் வேணும்னு கூப்பிட்டீங்களாக்கும்.”

“தம்பி, அன்னைக்கு அச்சாபீசுலதான் அந்தப் பேர...”

“அச்சாபீசு மேல போடாதக்கா!” கோபத்தில் ‘அக்கா’ வந்துவிட்டது. “பத்திரிகை கைக்கு வந்த மறுநாளே நான் அங்க போனேன். நீங்க எழுதிக் குடுத்த தாளக் கேட்டு வாங்கிப் பாத்தேன். அந்தத் தாள்லயே எம் பேர் இல்ல.”

மாமா திரும்பி, “பாவாத்தா, கெளம்பு” என்றார்.

மாமா அச்சாபீசுக்குப் போய்ப் பார்த்தது இத்தனை நாள் யாருக்கும் தெரியாது. பழியெல்லாம் அச்சாபீஸ் மேல் போனதில் மிகவும் நிம்மதியாக இருந்தவள் தானேதான் என்று புவனாவுக்கு அப்போது உறைத்தது. டெம்போக்காரர் வண்டியைக் கிளப்பிவிட்டால் பிறகு எந்த நோட்டில் எழுதியும் பயனில்லை.

“மாமா, அந்தத் தாள எழுதுனது நானுங்க.”

மாமா நின்றார்.

“அம்மா சொல்லச் சொல்ல எழுதினேன். எங்கியோ ஒரு வரிய உட்டிருக்கறேன். அச்சாகி வந்த பொறவுதான் தெரிஞ்சுது. பயத்துல வாயத் தொறக்கல. அம்மாகிட்டக்கூட இது வரைக்கும் சொல்லல.”

அம்மா அவளைப் பார்த்தாள். பிறகு தரையைப் பார்த்தாள்.

“அது மச்சானோட எழுத்துன்னு நெனச்சேன்” என்று மாமா அப்பாவைச் சொன்னார். “ஆம்பளை எழுத்தாட்டம் கட்டங்கட்டமா இருந்துது. அக்காளக் காப்பாத்தறதுக்கு நீ பொய் சொல்றியா கண்ணு?”

புவனா இடுப்பில் செருகியிருந்த நோட்டை எடுத்து நீட்டினாள். மாமா தூரமாகப் பிடித்து, கண்ணைச் சுருக்கிப் படித்தார். எழுத்து அதேதான். ழகரத்துக்கு நீண்ட வால், புள்ளிக்குப் பதில் குட்டி வட்டம். உதடு அசைய அசைய மேலிருந்து கீழே வந்தார். நடுவில் நின்றார்.

“இது என்ன? ‘செய்முறையில் ஒரு வரியை விட்டுவிட்டேன்.’ தேதி நேத்தா?”

“ஆமாங்க மாமா.”

“நேத்தும் ஒரு வரிய உட்டிருக்கற?”

“ஆமாங்க மாமா.”

“வருசத்துக்கு எத்தன வரி கண்ணு உடுவ நீ?”

சொல்லும்போதே அவர் மீசை நடுங்கியது. அடக்கிப் பார்த்தார். முடியவில்லை. தோளைக் குலுக்கிச் சிரித்தார். அத்தை தாம்பாளத்தை இடுப்பில் இடுக்கிக்கொண்டு முதலில் முறைத்தாள். பிறகு அவளுக்கும் தொற்றிக்கொண்டது. அம்மாதான் சிரிக்கவில்லை. துவைக்கிற கல்லின் மேல் உட்கார்ந்து, அந்தத் துண்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள்.

“எந்திரிக்கா” என்றார் மாமா. “வெயில்ல ஒக்காந்துட்டு.”

அதற்கப்புறம் பொழுது வழுக்கிக்கொண்டு போனது. தரையில் இலை போட்டு, ஒரு பக்கம் அத்தையின் தூக்குப்போசியிலிருந்து வெல்லமும் தேங்காயும் போட்ட புட்டு, இன்னொரு பக்கம் நந்திதாவின் புட்டிங்.

“பிஸ்கட்டப் போயி ஆராச்சும் வேக வெப்பாங்களா அம்மணி?” என்று அத்தை ஒரு துண்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். “ஏலக்கா இல்ல, முந்திரி இல்ல. ரொட்டியோ, காய்ச்சல்காரங்க திங்கறது.”

“சாப்பிட்டுட்டுப் பேசுங்க அத்தை.”

அத்தை சாப்பிட்டாள். பேசவில்லை. இரண்டாவது துண்டுக்கும் பேசவில்லை. மூன்றாவது முடிந்ததும், “தூக்குப்போசியக் கழுவிப்போட்டு, அதுல கொஞ்சம் வெச்சுக் குடு. ஆறிப்போனா எப்பிடி இருக்குதுன்னு பாக்கோணுமல்ல” என்றாள்.

சீர் என்று எடுத்து வந்ததைத் திருப்பிக் கொண்டுபோகும் வழக்கமில்லை என்று அத்தையே தீர்ப்புச் சொன்னாள். பட்டும் வளையலும் பீரோவுக்குள் போயின. “எப்ப நடக்குதோ அப்பக் கட்டிக்கட்டும்.”

“அது வரைக்கும் ஆரும் எங்கிட்ட அதப் பத்திப் பேசக் கூடாது” என்று சமையலறைக் கதவுக்குப் பின்னாலிருந்து நந்திதாவின் குரல் வந்தது. “முக்கியமா அந்தத் திருமலைசாமி மாமா.”

ஓலைகள்தான் மிச்சம். வெட்டியதை வீணாக்க மாமாவுக்கு மனசில்லை. நான்கு மூங்கிலை நட்டுத் துவைக்கிற கல்லுக்கு மேலே சின்னப் பந்தலாகக் கட்டினார். அம்மா கயிறு எடுத்துக் கொடுத்தாள். “இன்னும் இறுக்கிக் கட்டு”, “எனக்குத் தெரியுமக்கா”, “தெரிஞ்சா ஏஞ் சாயுது?” என்று இரண்டு பேரும் முடிச்சுக்கு முடிச்சு சண்டை போட்டார்கள். புவனாவுக்குக் கேட்டுக்கொண்டே இருக்கலாம்போல இருந்தது.

மூன்று மணிக்கு அம்மாவும் அத்தையும் காப்பி போட உள்ளே போனார்கள். மாமா பந்தல் நிழலில் உட்கார்ந்து நோட்டைத் திரும்பக் கேட்டு வாங்கினார். ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார்.

“தப்பா எழுதுனத இப்பிடித்தான் அடிப்பியா? ஸ்கேல் வெச்சு ஒரே கோடு?”

“ஆமாங்க. அடிச்சது என்னன்னு பொறவு படிக்க முடியோணுமல்லங்க. பள்ளிக்கூடத்துல இருந்தே அப்பிடித்தான்.”

மாமா இன்னும் இரண்டு பக்கம் புரட்டினார். பிறகு புரட்டுவதை நிறுத்தினார்.

“அந்தத் தாள்ல, கடைசிக்கு முந்தின வரி ஒண்ணு இருந்துது கண்ணு. பேனா மையத் தேச்சுத் தேச்சு, தாளே பொத்தலாகற அளவுக்குக் கருப்பா மெழுகியிருந்துது. நீ ஏதோ தப்பா எழுதி அழிச்சிருப்பீன்னு இப்ப நெனச்சேன்.”

“நான் மெழுக மாட்டேனுங்க மாமா.”

“அதத்தான் இப்பப் பாக்கறேன்.”

உள்ளே டம்ளர்கள் மோதிக்கொள்ளும் சத்தம் கேட்டது. அத்தை ஏதோ சொல்ல, அம்மா வாய்விட்டுச் சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கேட்டு இரண்டு பேரும் ஒரே நேரத்தில் சமையலறைப் பக்கம் திரும்பினார்கள்.

“தாள் எங்கிட்டத்தான் இருக்குது” என்றார் மாமா மெதுவாக. “கோவத்துல மடிச்சுப் பெட்டியில வெச்சது. வந்து பாரு. அக்காகிட்ட இப்ப ஒண்ணுங் கேக்காத. பவானிக் கல்யாணத்துல இருந்து மச்சான் வந்தாலும் கேக்காத.”

நான்கு மணிக்கு டெம்போ கிளம்பியது. தூக்குப்போசியை அத்தை மடியில் வைத்துக்கொண்டாள். அம்மா தெருமுனை வரை கூடவே நடந்துபோய்விட்டுத் திரும்பி வந்து, புதுப் பந்தலுக்குக் கீழே உட்கார்ந்து, துவைப்பதற்கு ஒன்றும் இல்லாதபோதும் இரண்டு துணியைத் துவைத்தாள்.

விளக்கு வைக்கும் முன்பே புவனா நோட்டைத் திறந்தாள். தான் விட்ட வரி என்று நான்கு வருடமாக நம்பி வந்ததைத் தான் எழுதித்தான் இருந்தாளோ, பிறகு வேறு கைதான் மெழுகியதோ என்று யோசித்துப் பார்த்தாள். ஞாபகம் வரவில்லை. வராததை எழுத அவளுக்குப் பிடிக்காது. தெரிந்ததை மட்டும் எழுதினாள்.

16-6-1996, ஞாயிறு. புட்டிங் சரியாக வந்தது. மாமா, அத்தை வந்தார்கள். நாளை மாலை ஆறு மணிக்கு நந்திதாவும் செய்முறைத் தாளும் வகுப்பில் இருக்க வேண்டும். அதற்கு முன், ஆபீசுக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு, காலை ஏழு மணிக்கு உக்கடத்தில் மதுக்கரை பஸ் ஏற வேண்டும். கருப்பாக மெழுகிய அந்த வரியை வெளிச்சத்தில் பிடித்து, அடியில் என்ன எழுதியிருக்கிறது என்று படிக்க வேண்டும்.